18 நிரம்பியதா, இல்லையா? – வாசகர் சட்டக் கேள்வி பதில்

நீலகிரியிலிருந்தும் கொடைக்கானல் பக்கமிருந்தும் வந்த கடிதங்களில் பல, ஒரே விஷயத்தைச் சுற்றியே இருந்தன. பெண் வீட்டை விட்டுப் போனாள், கடத்தல் வழக்கு பதிவானது, அதன் பிறகு வயதில் இழுபறி. அவற்றை இந்த இதழில் ஒன்றாகச் சேர்த்திருக்கிறோம். எழுதியவர்களின் பெயர், ஊர் இரண்டையும் விட்டு, வட்டத்தை மட்டும் போட்டிருக்கிறோம். பாதிக்கப்பட்ட குழந்தையை அடையாளம் காட்டும் எதையும் பத்திரிகையில் வெளியிடக் கூடாது என்பது, குழந்தைகளைப் பாலியல் குற்றங்களிலிருந்து காக்கும் போக்சோ சட்டத்தின் 23-ஆம் பிரிவு.

என் மகளுக்கு 17 வயது. ஜீப் ஓட்டும் 23 வயதுப் பையனோடு போய்விட்டாள். நான்கு நாள் கழித்துத் திருப்பூரில் கண்டுபிடித்தார்கள். "நானாகத்தான் போனேன், அவர் கூப்பிடவில்லை" என்று மாஜிஸ்ட்ரேட்டிடம் சொல்லிவிட்டாள். வழக்கு அவ்வளவுதானா? – ஒரு தாய், கோத்தகிரி வட்டம்

இல்லை அம்மா. ஆனால் உங்கள் மகள் சொன்னதில் இரண்டு பாதி இருக்கிறது. அவற்றைத் தனித்தனியாகப் பார்க்க வேண்டும்.

"நானாகத்தான் போனேன்" என்ற பாதிக்கு இந்தக் குற்றத்தில் எடையே இல்லை. பழைய இந்திய தண்டனைச் சட்டத்துக்குப் பதிலாக 2024 ஜூலை 1 முதல் நடப்பில் இருக்கும் பாரதிய நியாய சன்ஹிதாவின் 137-ஆம் பிரிவு, 18 வயது நிரம்பாதவரைச் சட்டப்படியான காப்பாளரின் பொறுப்பிலிருந்து, அந்தக் காப்பாளரின் சம்மதம் இல்லாமல் கூட்டிச் செல்வதையும் ஆசைகாட்டி அழைத்துப் போவதையும் குற்றம் என்கிறது. அங்கே கேட்கப்படும் சம்மதம் உங்களுடையது. மகளுடையது அல்ல. தண்டனை 7 ஆண்டு வரை. கல்யாணத்துக்காகவோ உடலுறவுக்காகவோ கடத்தியதாக நிரூபணமானால் 87-ஆம் பிரிவு சேரும், அது 10 ஆண்டு வரை.

"அவர் கூப்பிடவில்லை" என்ற மறுபாதிதான் வழக்கின் உயிர்நாடி. பெண் தானே வீட்டை விட்டு வந்து சேர்ந்துகொண்டாள், அவன் உடன் போனான் என்றால் அது "கூட்டிச் சென்றது" ஆகுமா? 1964-இல் வரதராஜன் எதிர் சென்னை மாநிலம் வழக்கில் உச்ச நீதிமன்றம் ஆகாது என்றது. சென்னைக் கல்லூரியில் படித்த பெண், 18 நிரம்பச் சில வாரங்களே இருந்தன. அவரே போன் செய்து, எங்கே வந்து நிற்க வேண்டும் என்று சொல்லி, காரில் ஏறி, கல்யாணப் பதிவுக்கும் அவரே வற்புறுத்தியிருந்தார். குற்றம் சாட்டப்பட்டவர் விடுதலையானார். அதே தீர்ப்பு, முன்கூட்டியே ஆசைவார்த்தை சொல்லி அந்த எண்ணத்தை விதைத்திருந்தால் கதை வேறு என்றும் சொல்கிறது. 1973-இல் குஜராத்திலிருந்து வந்த தாகூர்லால் வத்காமா வழக்கில் அதுதான் நடந்தது. பெண் அவர் வீட்டுக்குத் தானாகவே போயிருந்தாள். ஆனால் அதற்கு முன்பே பரிசுகள் கொடுத்து மனதை இழுத்து வைத்திருந்தார் என்பதால் தண்டனை உறுதியானது.

அதனால் உங்கள் வழக்கில் தேட வேண்டியது, போன நாளுக்கு முந்தைய மாதங்களை. போனை வாங்கிக் கொடுத்தது யார், முதலில் அழைத்தது யார், "வந்துடு, நான் பாத்துக்கறேன்" என்ற செய்தி எந்தப் பக்கமிருந்து போனது, வண்டியைக் கொண்டு வந்தது யார், திருப்பூரில் அறைக்கு முன்பணம் கட்டியது யார். மகளின் போனில் எதையும் அழிக்காதீர்கள், சிம்மை மாற்றாதீர்கள், ரீசெட் செய்யாதீர்கள். போலீஸ் கைப்பற்றும்போது போனின் ஐ.எம்.இ.ஐ. எண் மகஜரில், அதாவது கைப்பற்றியதை எழுதும் பட்டியலில், ஏறியதா என்று பாருங்கள். கோபத்தில் போனைப் போட்டு உடைக்கும் வீடுகள் உண்டு. அத்தோடு வழக்கின் பாதி போய்விடும்.

உடலுறவு நடந்திருந்தால் போக்சோ தனியாக நிற்கும். அங்கே 18-க்குக் கீழ் சம்மதம் என்ற பேச்சே கிடையாது. வரதராஜன் தீர்ப்பு அதற்குக் கேடயமும் ஆகாது. மகளிடம் வாக்குமூலம் வாங்கப் பெண் அதிகாரி, சீருடை இல்லாமல், வீட்டுக்கோ அவள் விரும்பும் இடத்துக்கோ வர வேண்டும். இரவில் ஸ்டேஷனில் வைத்திருக்கக் கூடாது. இதை நீங்கள் கேட்டு வாங்கலாம்.

பெண் காணாமல் போய் மூன்று நாள் ஆகிறது. "சொந்தக்காரங்க வீட்டுல தேடுங்க" என்று சி.எஸ்.ஆர். ரசீது மட்டும் தருகிறார்கள். – பந்தலூர் வட்டம்

18 வயதுக்குக் கீழ் என்றால், புகார் வந்தது என்று மட்டும் காட்டும் சி.எஸ்.ஆர். போதாது, எஃப்.ஐ.ஆர். போட்டே ஆக வேண்டும். காணாமல் போன குழந்தை கடத்தப்பட்டதாகவே முதலில் கருத வேண்டும் என்று 2013-இல் உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டிருக்கிறது. மறுத்தால் புகாரை எழுதி மாவட்ட எஸ்.பி.க்குப் பதிவுத் தபாலில் அனுப்புங்கள். குழந்தைகள் உதவி எண் 1098-க்கும் சொல்லுங்கள். எல்லை தாண்டிக் கேரளம், கர்நாடகம் போயிருந்தாலும் எந்த ஸ்டேஷனிலும் புகார் கொடுக்கலாம், அவர்கள்தான் உரிய இடத்துக்கு மாற்ற வேண்டும்.

புகாரில் வயதைக் குத்துமதிப்பாக எழுதாதீர்கள். "சுமார் 18" என்று எழுதிக் கொடுத்துவிட்டு, பிறகு 17 என்று சான்றிதழ் காட்டினால், குறுக்கு விசாரணையில் முதல் கேள்வியே அதுதான். பிறந்த தேதி தெரிந்தால் தேதியை எழுதுங்கள். தெரியாவிட்டால் எந்தப் பள்ளியில் எந்த வகுப்பு என்று எழுதுங்கள்.

மகள் எஸ்டேட் லைன் வீட்டில் பிறந்தாள். பிறப்புச் சான்றிதழ் எடுக்கவே இல்லை. எட்டாவதோடு நின்றுவிட்டாள். டி.சி.யில் ஜூன் மாதத் தேதி இருக்கிறது, ஆனால் அவள் பிறந்தது மழைக்காலம். ஆதாரில் வேறொரு தேதி. கோர்ட் எதை எடுத்துக்கொள்ளும்? – கூடலூர் வட்டம்

மலையில் இந்தக் கேள்விதான் அதிகம். அதனால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறோம்.

வயதை முடிவு செய்ய இளைஞர் நீதிச் சட்டம் 2015-இன் 94-ஆம் பிரிவில் ஒரு வரிசை இருக்கிறது. முதலில், பள்ளி கொடுக்கும் பிறந்த தேதிச் சான்றிதழ் அல்லது தேர்வு வாரியத்தின் மெட்ரிகுலேஷன் சான்றிதழ். நம் மாநிலத்தில் பத்தாம் வகுப்பு மதிப்பெண் சான்றிதழ். அது இல்லாவிட்டால் மாநகராட்சி, நகராட்சி, பஞ்சாயத்து தரும் பிறப்புச் சான்றிதழ். இரண்டும் இல்லாவிட்டால் மட்டுமே எலும்புப் பரிசோதனை. மேலே உள்ளது கையில் இருக்கும்போது கீழே உள்ளதற்குத் தாவ முடியாது. இந்த முறையின் பழைய வடிவம், சட்டத்தோடு முரண்பட்ட சிறாருக்காக, அதாவது குற்றம் செய்ததாகச் சொல்லப்படும் சிறாருக்காக, எழுதப்பட்டது. ஆனால் பாதிக்கப்பட்ட குழந்தையின் வயதுக்கும் இதே முறைதான் என்று ஜர்னைல் சிங் வழக்கில் 2013-இல் உச்ச நீதிமன்றம் அன்றைய விதிகளை வைத்துச் சொன்னது. அந்த வழியேதான் இன்றும் நடக்கிறது.

உங்கள் கையில் இருக்கும் டி.சி. இந்த வரிசையில் இல்லை. 2023 ஜூலையில் யுவபிரகாஷ் வழக்கில், அதுவும் தமிழ்நாட்டு வழக்குதான், மாற்றுச் சான்றிதழும் சேர்க்கைப் பதிவேட்டின் நகலும் 94-ஆம் பிரிவு கேட்கும் சான்று ஆகாது என்று உச்ச நீதிமன்றம் சொல்லி, தண்டனையை ரத்து செய்தது. மருத்துவ அறிக்கை 18 முதல் 20 என்றிருந்தது. ஆகவே டி.சி.யை மட்டும் நம்பி உட்காராதீர்கள். மகள் முதன்முதலில் ஒன்றாம் வகுப்பு சேர்ந்த பள்ளிக்குப் போய், "பிறந்த தேதிச் சான்றிதழ்" என்றே தனியாக வாங்குங்கள். கடைசியாகப் படித்த பள்ளியின் தேதி, முதல் பள்ளியின் தேதியைப் பார்த்து எழுதியதாகத்தான் இருக்கும். அதற்குத் தனி மதிப்பு குறைவு.

ஜூன் தேதியும் ஒரு சிக்கல். பள்ளி திறக்கும் நாளில் 5 வயது நிரம்பியதாகக் காட்ட, ஆசிரியரே ஒரு தேதி போட்டு எழுதிய பதிவேடுகள் நிறைய. ஒரே பக்கத்தில் ஏழெட்டுக் குழந்தைகளுக்கு மே, ஜூன் தேதியாகவே வரிசையாக இருந்தால் எதிர்த்தரப்பு வக்கீல் அந்தப் பக்கம் முழுவதையும் நீதிபதிக்குக் காட்டுவார். அப்போது தேதியைச் சொன்னது யார், எதைப் பார்த்து எழுதினார்கள் என்பதற்குப் பதில் தேவை.

இனி பிறப்புப் பதிவு. 1969-ஆம் ஆண்டின் பிறப்பு இறப்புப் பதிவுச் சட்டத்தில் தோட்டங்களுக்கென்றே 9-ஆம் பிரிவு இருக்கிறது. நான்கு ஹெக்டேருக்குக் குறையாத தேயிலை, காபி, ஏலம், மிளகுத் தோட்டங்களில் நடக்கும் பிறப்பைப் பதிவாளருக்குத் தெரிவிக்க வேண்டியவர் தோட்டத்தின் பொறுப்பாளர், அதாவது மேனேஜர். பெற்றோர் பதியாவிட்டாலும் எஸ்டேட் பதிந்திருக்க வாய்ப்பு உண்டு. அதனால் "எடுக்கவே இல்லை" என்பதை "பதியவே இல்லை" என்று நினைத்துவிடாதீர்கள். முதலில் பிறந்த ஆண்டின் பதிவேட்டைத் தேடச் சொல்லி மனுக் கொடுங்கள். குழந்தைக்குப் பெயர் வைப்பதற்கு முன்பே பதிந்திருந்தால் பெயர் இடம் காலியாக இருக்கும். தாய், தந்தை பெயர், எஸ்டேட் பெயர், இது எத்தனையாவது பிரசவம் என்பதை வைத்துத் தேடுங்கள்.

பெயரில்லாத சான்றிதழ் கிடைத்தாலும் பயன்படும். ஆனால் "இது இவளுடையது அல்ல, மூத்தவளுடையது" என்ற வாதம் வரும். உங்களுக்கு எத்தனை பிள்ளைகள், யார் எப்போது பிறந்தார்கள், இறந்துபோன குழந்தை உண்டா என்பதைத் தாய் தெளிவாகச் சாட்சி சொல்ல வேண்டும். மற்ற பிள்ளைகளின் சான்றிதழ்களையும் சேர்த்துக் காட்டினால் அந்த வாதம் எடுபடாது.

பதிவே இல்லை என்றால், இல்லை என்ற சான்றை வாங்கி, கோட்டாட்சியர் உத்தரவின் பேரில் தாமதமாகப் பதியலாம். நீலகிரியில் ஊட்டி, குன்னூர், கூடலூர் என மூன்று கோட்டங்கள். உங்களுக்குக் கூடலூர். ஆனால் வழக்குப் பதிவான பிறகு பதிந்த சான்றிதழைக் கோர்ட் சந்தேகக் கண்ணோடுதான் பார்க்கும். சான்றிதழில் பிறந்த தேதியும் பதிவு தேதியும் தனித்தனியாக இருக்கும், எவரும் முதலில் இரண்டாவதைத்தான் பார்ப்பார்கள். தாமதப் பதிவுக்கு ஆதாரமாக எதைக் கொடுத்தீர்கள் என்பதே அப்போது முக்கியம். எஸ்டேட் ஆஸ்பத்திரிப் பதிவேடு, பேறுகாலப் பணம் கொடுத்த கணக்கு, கிராம சுகாதார செவிலியரின் தடுப்பூசிப் பதிவு, அங்கன்வாடிப் பதிவு இவற்றில் ஏதாவது அந்தக் காலத்திலேயே எழுதப்பட்டிருந்தால் அதைத் தேடி எடுங்கள். பணியர், காட்டுநாயக்கர் குடியிருப்புகளில் வீட்டுப் பிரசவமானால் செவிலியரின் நோட்டுதான் பெரும்பாலும் ஒரே எழுத்து ஆதாரம்.

ஆதார் பிறந்த தேதிக்குச் சான்று அல்ல. 2024 அக்டோபரில் ஒரு விபத்து இழப்பீட்டு வழக்கில் உச்ச நீதிமன்றமே அப்படிச் சொல்லிவிட்டது. ஆனால் மற்ற ஆவணங்களோடு முரண்படும் ஆதாரை எதிர்த்தரப்பு நிச்சயம் எடுத்து நீட்டும். அதில் அந்தத் தேதி எப்படி வந்தது என்று சொல்லத் தயாராக இருங்கள். இப்போது போய் ஆதாரில் தேதியைத் திருத்துவது மட்டும் வேண்டாம்.

கோர்ட் பார்ப்பது சம்பவம் நடந்த நாளில் இருந்த வயதை, சாட்சி சொல்லும் நாளின் வயதை அல்ல. விசாரணைக்கு வரும்போது பெண்ணுக்கு 20 ஆகியிருக்கலாம். கூண்டில் நிற்பவரின் தோற்றத்தைப் பார்த்து யாரும் முடிவுக்கு வரக் கூடாது.

எங்கள் பழைய மாணவியின் வயது பற்றிச் சாட்சி சொல்லக் கோர்ட்டிலிருந்து சம்மன் வந்திருக்கிறது. நான் இந்தப் பள்ளிக்கு வந்தே இரண்டு வருடம்தான். என்ன கொண்டுபோக வேண்டும்? – தலைமை ஆசிரியர், கொடைக்கானல் வட்டம்

நகலை மட்டும் எடுத்துக்கொண்டு போகாதீர்கள் சார். அசல் சேர்க்கைப் பதிவேட்டையே எடுத்துப் போங்கள். கூடவே அந்தப் பக்கத்தின் சான்றொப்பமிட்ட நகல் இரண்டு. அசலைப் பார்த்து ஒப்பிட்ட பிறகு நகலைச் சான்றாவணமாகக் குறியீடு செய்துகொண்டு, அசலைத் திருப்பித் தரும்படி கேளுங்கள். கேட்காவிட்டால் பதிவேடு வழக்குக் கட்டோடு தங்கிவிடும்.

போவதற்கு முந்தின நாள் அந்தப் பக்கத்தை நிதானமாகப் படியுங்கள். வரிசை எண் முன்னும் பின்னும் ஒழுங்காக ஓடுகிறதா, பிறந்த தேதி எண்ணிலும் எழுத்திலும் ஒன்றாக இருக்கிறதா, மேலெழுத்து, அடித்தல், வேறு மை உண்டா, இருந்தால் அருகில் சுருக்கொப்பம் இருக்கிறதா, பெற்றோர் கையெழுத்து அல்லது கைநாட்டு எங்கே. சேர்க்கை விண்ணப்பமும் அத்துடன் கொடுத்த பிறப்புச் சான்றின் நகலும் அலமாரியில் இருந்தால் அவைதான் பொன். பதிவேட்டில் ஒரு தேதி இருப்பது வேறு, அந்தத் தேதி உண்மை என்பது வேறு. யார் சொன்ன தகவலில் எழுதப்பட்டது என்பதைச் சாட்சியம் மூலம் காட்டாவிட்டால் பதிவுக்கு மதிப்பில்லை என்று 1988-இல் பிரத் மல் சிங்வி வழக்கில் உச்ச நீதிமன்றம் விளக்கியிருக்கிறது.

எழுதியவர் நீங்கள் அல்ல என்பதில் தவறொன்றும் இல்லை. "அலுவல் முறையில் என் பொறுப்பில் இருக்கும் பதிவேடு, முன்பிருந்தவர் எழுதியது" என்று உள்ளதைச் சொல்லுங்கள். அவரது கையெழுத்து தெரியும் என்றால் மட்டும் தெரியும் என்று சொல்லுங்கள். யாரைப் பார்த்து எழுதினார்கள் என்பது தெரியாவிட்டால் தெரியாது என்பதே பதில். ஊகித்துச் சொல்லும் ஒரு வார்த்தை குறுக்கு விசாரணையில் பதிவேட்டையே கெடுத்துவிடும். அதற்காகப் போகாமலும் இருந்துவிடாதீர்கள். 2011-இல் அலமேலு வழக்கில், அதுவும் தமிழ்நாட்டு வழக்கே, டி.சி.யைத் தாக்கல் செய்துவிட்டுத் தலைமை ஆசிரியரை விசாரிக்காமல் விட்டதும் வயது நிரூபணமாகாமல் போனதற்கு ஒரு காரணம்.

எக்ஸ்ரே பார்த்து "17 முதல் 18 வரை" என்று டாக்டர் எழுதியிருக்கிறார். அப்படியானால் 18-க்குக் கீழ்தானே? – குன்னூர் வட்டம்

அப்படி எடுத்துக்கொள்ள முடியாது. எலும்பு முனைகள் இணைவதைப் பார்த்துச் சொல்லும் வயது ஒரு மதிப்பீடு. பொதுவாக முழங்கை 14–16-இல் இணையும், மணிக்கட்டு 16–18-ஐ ஒட்டி, இடுப்பெலும்பின் மேல்விளிம்பு அதற்கும் பிறகு. சாப்பாடு, உடல்வாகு, நோய் எல்லாம் இதை முன்னும் பின்னும் தள்ளும். இரண்டு வருடம் இந்தப் பக்கமோ அந்தப் பக்கமோ தவறலாம் என்று 1982-இல் ஜெயமாலா வழக்கிலேயே சொல்லப்பட்டுவிட்டது. 2018-இல் இமாச்சலத்து ரஜக் முகமது வழக்கில் அறிக்கை 17–18 என்றே இருந்தது. சந்தேகத்தின் பலன் குற்றம் சாட்டப்பட்டவருக்குப் போனது.

அதனால்தான் காகிதத்தைத் தேடுங்கள் என்று இவ்வளவு வற்புறுத்துகிறோம். எலும்புப் பரிசோதனைதான் கடைசி வழி என்றானால், அது உத்தரவு வந்த 15 நாளுக்குள் முடிய வேண்டும். ஒரு மூட்டில் மட்டும் படம் எடுக்காமல் மணிக்கட்டு, முழங்கை, தோள், இடுப்பு, பல் என்று பல இடங்களைப் பார்த்திருக்க வேண்டும். படத்தில் பெயரும் எண்ணும் தேதியும் பதிந்திருக்க வேண்டும். படம் பார்த்து முடிவு சொன்ன டாக்டர் கோர்ட்டுக்கு வர வேண்டும். அறிக்கை தனியாக வந்து, டாக்டர் வராமல் போனால் அதற்கு அர்த்தமில்லை.

மகளுக்கு 19. போய் இரண்டு மாதம். மனதாரப் போனாளா, மிரட்டி வைத்திருக்கிறார்களா என்றே தெரியவில்லை. – பண்ணைக்காடு பக்கம்

18 நிரம்பிவிட்டால்தான் சம்மதம் என்ற கேள்வியே உயிர் பெறுகிறது. காப்பாளரிடமிருந்து கடத்தல் இனி இல்லை. பலவந்தமோ ஏமாற்றோ இருந்தால் மட்டும் நியாய சன்ஹிதாவின் 138-ஆம் பிரிவு, கல்யாணத்துக்குக் கட்டாயப்படுத்தினால் 87. பயத்தாலோ உண்மையைத் தவறாகப் புரிந்துகொண்டதாலோ கொடுத்த சம்மதம் சம்மதமாகாது என்று அதன் 28-ஆம் பிரிவு சொல்கிறது.

உங்களுக்கு அருகில் இருப்பது உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை. நீலகிரிக்காரர்கள் சென்னைக்குப் போக வேண்டும். உயர் நீதிமன்றத்தில் ஆட்கொணர்வு மனு போட்டால் மகளை நேரில் வரவழைத்து நீதிபதிகள் விசாரிப்பார்கள். "என் விருப்பம்" என்று அவள் சொன்னால் அதோடு அவளைப் போகவிடுவார்கள். வயது வந்த பெண் யாரோடு வாழ்வது என்பது அவள் முடிவு என்று 2018-இல் ஹாதியா வழக்கில் உச்ச நீதிமன்றம் அழுத்தமாகச் சொல்லிவிட்டது. சாதி பார்த்து அவளை இழுத்து வரப் போனால் கடத்தல் வழக்கு உங்கள் மேல் திரும்பும். இதைக் கடுமையாகச் சொல்வதற்கு மன்னியுங்கள். அவள் நலமாக இருக்கிறாளா என்று அறியும் உரிமை உங்களுக்கு உண்டு, அதற்குத்தான் அந்த மனு.

மிரட்டல் இருந்தது என்று காட்ட வேண்டுமானால் சீக்கிரம் செயல்படுங்கள். விடுதி கேமரா பதிவுகள் சில வாரங்களில் அழிந்துவிடும். விடுதிப் பதிவேடு, அடையாள அட்டை நகல், கொடைக்கானல் வழியில் வெள்ளி நீர்வீழ்ச்சிச் சாவடியின் பதிவு இவற்றைப் புலனாய்வு அதிகாரி எழுத்தில் கேட்க வேண்டும். 2024 மே 7 முதல் கொடைக்கானலுக்கும் ஊட்டிக்கும் வெளியூர் வண்டிகள் இ-பாஸ் வாங்கியே வருகின்றன. வண்டி எண்ணும் தேதியும் அதில் இருக்கும். கேமராப் பதிவைப் பென்டிரைவில் வாங்கினால் மட்டும் போதாது, புதிய சாட்சியச் சட்டத்தின் (பாரதிய சாக்ஷ்ய அதிநியம்) 63-ஆம் பிரிவுச் சான்றிதழும் சேர்ந்து வர வேண்டும்.

என் மகனுக்கு 20. அந்தப் பெண் தனக்கு 19 என்றாள், ஆதாரையும் காட்டினாள். உண்மையில் 17 வருடம் 10 மாதமாம். அவன் ஏமாந்தது குற்றமா? – ஊட்டி வட்டம்

"18 ஆகிவிட்டது என்று நம்பினேன்" என்பது கடத்தல் குற்றத்தில் தற்காப்பாகாது. 1875-இல் இங்கிலாந்தில் முடிவான பிரின்ஸ் வழக்குத் தொட்டு அப்படித்தான். அந்த ஆதார் நகலையும் அவளது செய்திகளையும் பத்திரமாக வைத்திருங்கள். ஜாமீனுக்கும், யார் முன்கை எடுத்தார் என்று காட்டவும் உதவும். உங்கள் வக்கீல் இரண்டு இடத்தில் நிற்க வேண்டும். வயதுக்கான ஆவணம் 94-ஆம் பிரிவில் வருகிறதா, அதை எழுதியவர் சாட்சிக்கு வருகிறாரா என்பது ஒன்று. மகன் கூட்டிச் சென்றானா, உடன் போனானா என்பது மற்றொன்று.

பெண் வீட்டில் பேசி "வாபஸ்" வாங்கலாம் என்று ஊர்ப் பெரியவர்கள் சொல்வார்கள். சமரசமாக முடித்துக்கொள்ளும் குற்றங்களின் பட்டியலில் இது இல்லை. சாட்சியைப் போய்ப் பார்த்தது தெரிந்தால் ஜாமீனும் போகும்.

17 வயதுப் பையனை 25 வயதுப் பெண் கூட்டிப்போனால்? – கூடலூர் வட்டம்

2024 ஜூலை 1-க்கு முன் நடந்தது என்றால் பழைய இந்திய தண்டனைச் சட்டம். அதில் ஆண் பிள்ளைக்கு வரம்பு 16, ஆகவே 361-ஆம் பிரிவில் வராது. அந்தத் தேதிக்குப் பின் என்றால் இருபாலருக்கும் 18, வரும். போக்சோவில் முதலிலிருந்தே ஆண், பெண் என்ற வேறுபாடு கிடையாது.

17 வயதில் கோயிலில் தாலி கட்டிவிட்டார்கள். கல்யாணம் ஆனதால் வழக்கு போய்விடுமா? – கொடைக்கானல் வட்டம்

போகாது. காப்பாளரிடமிருந்து ஆசைகாட்டி அழைத்துப் போய்ச் செய்த குழந்தைத் திருமணம், 2006-ஆம் ஆண்டுக் குழந்தைத் திருமணத் தடைச் சட்டத்தின் 12-ஆம் பிரிவின்படி தொடக்கத்திலிருந்தே செல்லாது. கட்டியவர் 18 வயதைத் தாண்டியவர் என்றால் அதே சட்டத்தின் 9-ஆம் பிரிவில் அவர் மேல் இன்னொரு வழக்கும் சேரும்.